நம்பியாரும் சேலத்துப் படப்பிடிப்பு நிலையமும்

கதாநாயகனாக அல்லாமல், கதை நகர்வதற்கு இன்றியமையாத தந்தை, அமைச்சர், துறவி, வஞ்சகன் போன்ற வேடங்களை ஏற்று, ஒவ்வொன்றிலும் வேறொரு மனிதராகவே தோன்றக்கூடியவரைக் குணச்சித்திர நடிகர் என்பது வழக்கம். இத்தகைய நடிகருக்குத் திறமை மட்டும் போதாது. அவருக்கு இடைவிடாமல் வேடங்கள் தரக்கூடிய ஒரு நிறுவனமும் தேவை. அமெரிக்காவில் 1950களில் வளர்ந்த தொலைக்காட்சி அத்தகைய நிறுவனமாக அமைந்தது. வாரந்தோறும் புதிய கதை வேண்டியிருந்ததால், ஹாலிவுட்டில் நெடுங்காலம் துணை வேடங்களிலேயே இருந்த வில்லியம் ஃப்ராலி போன்றவர்கள், 1951இல் தொடங்கிய ‘ஐ லவ் லூசி’ போன்ற தொடர்கள் வழியாக வீடுதோறும் அறிமுகமானார்கள். தொலைக்காட்சி எட்டிப்பார்க்காத அன்றைய தமிழ்நாட்டில் அந்தப் பணியைச் செய்தவை, சேலத்திலும் கோயம்புத்தூரிலும் இயங்கிய படப்பிடிப்பு நிலையங்களே.

திருச்செங்கோட்டைச் சேர்ந்தவரும், இங்கிலாந்து சென்று நெசவுத் தொழில் கல்வி பெற்றவருமான டி. ஆர். சுந்தரம் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ், சேலத்தில் ஏற்காடு செல்லும் சாலையில் அமைந்திருந்தது. 1937இல் ‘சதி அகல்யா’வில் தொடங்கி நூற்றுக்கும் மேற்பட்ட படங்களைத் தயாரித்த அந்நிறுவனத்தில் நடிகர்களும் எழுத்தாளர்களும் தொழில்நுட்பக் கலைஞர்களும் மாதச் சம்பளத்தில் பணியாற்றினர். எல்லோரும் ‘முதலாளி’ என்றே அழைத்த சுந்தரம், குறித்த நாளில் படத்தை முடிக்கும் ஒழுங்குக்குப் பெயர்பெற்றவர். ஒரு படம் முடிந்ததும் அடுத்த படம் காத்திருந்த அந்த ஏற்பாடு, நட்சத்திர மதிப்பு இல்லாத நடிகனுக்கு எவ்வளவு பெரிய பாதுகாப்பாக இருந்திருக்கும் என்பதை இன்றைய திரையுலக நிலையோடு ஒப்பிட்டால்தான் உணர முடியும்.

அந்த ஏற்பாட்டில் முழுமையாக வெளிப்பட்டவர் எம். என். நம்பியார். 1919இல் இன்றைய கேரளத்தின் கண்ணூர்ப் பகுதியில் பிறந்து, இளம் வயதில் தந்தையை இழந்து, உதகமண்டலத்தில் உறவினரிடம் வளர்ந்த அவர், பதின்மூன்றாம் வயதில் நவாப் ராஜமாணிக்கத்தின் நாடகக் குழுவில் சேர்ந்தார். சிறுவர்களைச் சேர்த்து, உணவும் உறைவிடமும் கொடுத்து, பாட்டும் வசனமும் நடிப்பும் கற்பித்த இத்தகைய குழுக்களைப் பாய்ஸ் கம்பெனி என்பார்கள். அக்குழுவினர் நடித்த ‘பக்த ராமதாஸ்’ 1935இல் படமானபோது நம்பியாரும் திரைக்கு வந்தார். பின்னர், எம்.ஜி.ஆர். முதன்முதலாகக் கதாநாயகனான 1947ஆம் ஆண்டின் ‘ராஜகுமாரி’யில் அவருக்குத் தோழனாக நடித்தார் என்பது, பிற்காலத் திரையில் அவ்விருவரையும் ஓயாத பகைவர்களாகவே பார்த்தவர்களுக்கு வியப்பளிக்கலாம்.

1950இல் மாடர்ன் தியேட்டர்ஸ் வெளியிட்ட இரண்டு படங்களே அவருடைய ஆற்றலின் அளவைக் காட்டின. மு. கருணாநிதி வசனம் எழுதி, அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கனும் சுந்தரமும் இயக்கிய ‘மந்திரி குமாரி’யில், அரசனை ஆட்டிவைக்கும் ராஜகுருவாக அவர் நடித்தார். வடுவூர் கே. துரைசாமி ஐயங்காரின் துப்பறியும் நாவலைத் தழுவிய ‘திகம்பர சாமியார்’ படத்திலோ, தீயோரின் சூழ்ச்சியை வெளிக்கொணரும் நாயகனாகப் பதினொரு தோற்றங்களில் வந்தார். இத்தகைய வேடத்தில் ஒப்பனை பாதி வேலையைத்தான் செய்யும். நடையும் குரலும் உடம்பின் சாய்வும் வேடத்துக்கு வேடம் மாறாவிட்டால் பதினொன்றும் ஒன்றாகவே தெரியும். மேச்சேரி, ஓமலூர், தாரமங்கலம் வட்டாரங்களில் தெருக்கூத்துப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஒரே இரவில் ஒரே ஆட்டக்காரர் வேடம் களைந்து வேடம் பூண்டு வருவதும், அடவிலும் குரலிலும் ஆளே மாறிவிடுவதும் அங்கே பழகிய காட்சிகள்.

அமெரிக்காவின் லிப்பர்ட் நிறுவனத்தோடு இணைந்து மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்து, 1952இல் வெளிவந்த ‘தி ஜங்கிள்’ என்னும் ஆங்கிலப் படத்திலும் நம்பியார் இடம்பெற்றார். அதில் அவரோடு நடித்த ராட் கேமரன், அடுத்த ஆண்டே ‘சிட்டி டிடெக்டிவ்’ என்னும் தொலைக்காட்சித் தொடரின் நாயகனானார். அதே படத்தில் நடித்த சீசர் ரொமேரோ 1966இல் ‘பேட்மேன்’ தொடரின் ஜோக்கராகப் புகழடைந்தார்.

அமெரிக்க நடிகர்களுக்குத் தொலைக்காட்சி புதிய வாயில்களைத் திறந்த அதே ஆண்டுகளில், தமிழ்ப் படத்தொழில் சென்னையில் குவிந்து, நட்சத்திரங்களைச் சுற்றி அமைந்துவிட்டதால், நம்பியாருக்கு வில்லன் என்னும் ஒரே வாயில்தான் அகலமாகத் திறந்தது. ‘எங்க வீட்டுப் பிள்ளை’யின் கஜேந்திரனையும் ‘ஆயிரத்தில் ஒருவன்’ படத்தின் கடற்கொள்ளைத் தலைவனையும் மறக்க முடியாதவர்களாக அவர் ஆக்கினார் என்பது உண்மை. ஆயினும் பதினொரு மனிதராக மாறத் தெரிந்த ஒருவரைப் பல ஆண்டுகள் புருவம் நெரிக்கவும் கைகளைப் பிசையவும் மட்டுமே அழைத்தது தமிழ்த் திரைக்கு நேர்ந்த இழப்பு என்றே சொல்ல வேண்டும். சைவ உணவினராகவும், சபரிமலைக்குப் பக்தர்களை ஆண்டுதோறும் அழைத்துச் சென்ற குருசாமியாகவும் அவர் வாழ்ந்தது ஊரறிந்த செய்தியாக இருந்தும், அந்த முகத்தில் நல்லவனைக் காணத் தயாரிப்பாளர்கள் நெடுங்காலம் தயங்கினர். 1982இல் கே. பாக்யராஜ் தம்முடைய ‘தூறல் நின்னு போச்சு’ படத்தில், காதலர்களுக்குத் துணைநிற்கும் நகைச்சுவை மிக்க குஸ்தி வாத்தியாராக அவரை நடிக்கவைத்தபோது அவருக்கு வயது 63. அதன்பின் பரிவும் குறும்பும் கலந்த பெரியவர் வேடங்கள் அவரைத் தேடி வந்தன.