திறந்து கிடக்கும் கதவு

தமிழ்த் திரைப்படங்கள் எல்லா ஊர்த் திரையரங்குகளுக்கும் வருவதில்லை. ஆகவே, தமிழகத்திற்கு வெளியே வாழும் குடும்பங்கள் பல, புதிய படங்களை இணையத்தில் தேடுகின்றன. அப்போது, யாருக்கோ உரிய கோப்பு வழங்கி ஒன்று திறந்து கிடப்பது கண்ணில் படலாம். அதில் படங்களின் பெயர்கள் வரிசையாக இருக்கும். விலையும் இல்லை, கேட்பாரும் இல்லை. ஆயினும், அங்கிருந்து பதிவிறக்குவது ஆபத்தானது.

கோப்பு வழங்கி என்பது, பலரும் எடுத்துப் பயன்படுத்துவதற்காகக் கோப்புகளைச் சேமித்து வைக்கும் கணினி ஆகும். உரிமையாளர் கடவுச்சொல் அமைக்கத் தவறினால், அது உலகிற்கே திறந்துவிடுகிறது. சில வழங்கிகளில் வெளியார் கோப்புகளை எடுக்கவும் முடியும், வைக்கவும் முடியும். எனவே, படத்தின் பெயரில் தீநிரலை வைத்துச் செல்வது தீயோர்க்கு எளிது.

கோப்புப் பெயரின் இறுதிப் பகுதியே அதன் வகையைக் காட்டும். விண்டோஸ் கணினி அப்பகுதியை வழக்கமாக மறைத்துவிடும். அதனால், ‘படம்.எம்பி4.இஎக்ஸ்இ’ என்னும் கோப்பு ‘படம்.எம்பி4’ என்றே தோன்றும். திறந்தவுடன் படம் ஓடாது, தீநிரலே இயங்கும்.

தீநிரல்களுள் பணயத் தீநிரல் மிகக் கொடியது. அது கோப்புகளைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கும். 2017ஆம் ஆண்டு மே மாதத்தில் ‘வான்னாக்ரை’ என்னும் பணயத் தீநிரல் சுமார் 150 நாடுகளில் பரவியது. அது படக்கோப்பின் வழியாக வரவில்லை. விண்டோஸின் கோப்புப் பகிர்வு வசதியில் இருந்த குறையின் வழியாக நுழைந்தது. இங்கிலாந்தில் மருத்துவமனைகள் பலவற்றின் பணிகள் தடைப்பட்டன. வீட்டில் உள்ள ஒரே கணினி இவ்வாறு பூட்டப்பட்டால், தந்தையின் வங்கி ஆவணங்களும் ஊரில் வாழும் பாட்டியின் ஒளிப்படங்களும் ஒருங்கே கைவிட்டுப் போகும்.

சட்டமும் இதனை ஏற்பதில்லை. உரிமையாளரின் அனுமதியின்றி அவரது கணினியிலிருந்து தரவுகளைப் பதிவிறக்கினால் இழப்பீடு தர நேரிடும் எனத் தகவல் தொழில்நுட்பச் சட்டம், 2000 கூறுகிறது. கதவு திறந்திருப்பது அனுமதி ஆகாது. யார் வந்து சென்றார் என்பதற்கான இணைய முகவரியும் வழங்கியின் பதிவேட்டில் தங்கிவிடும்.

தயாரிப்பு நிறுவனங்கள் சில, தம் பழைய படங்களை யூடியூபில் கட்டணமின்றி வழங்குகின்றன. புதிய படங்களோ, உரிமம் பெற்ற தளங்களுக்குச் சில வாரங்களில் வந்துவிடுகின்றன. அதுவரை காத்திருப்பதால் இழப்பு ஏதும் இல்லை. பூட்டப்பட்ட ஒளிப்படங்களோ எத்தனை வாரம் காத்திருந்தாலும் திரும்பாமற் போகலாம்.