கவனியாமலும் கேட்கலாம்: பிறையன் ஈனோவின் ஒலியும் ஒளியும்

கேட்பவர் கவனிக்காமல் விட்டாலும் குறையில்லை என்று ஒருவர் இசையமைத்தால், அதைக் கலை என்று கொள்ளலாமா? ஆங்கிலேயரான பிறையன் ஈனோவின் ஆக்கங்கள் இக்கேள்வியை எழுப்புகின்றன.

1948இல் பிறந்த ஈனோ, ஓவியக் கல்லூரியில் பயின்றவர். இசையை முறையாகக் கற்றவரல்லர். இதை நான் முக்கியமாகக் கருதுகிறேன். 'ரொக்ஸி மியூசிக்' என்ற குழுவில் இருந்து 1973இல் விலகினார். 1975இல் வாகன விபத்தொன்றில் காயமுற்றுப் படுக்கையில் கிடந்தபோது, சிநேகிதி ஒருவர் 18ஆம் நூற்றாண்டு ஹார்ப் இசைத்தட்டு ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார். தட்டைச் சுழலவிட்டுப் படுத்த பின்னரே சத்தம் மிகக் குறைவென்பது தெரிந்தது. எழுந்து கூட்டிவைக்க உடம்பில் வலுவில்லை. வெளியே மழை. மழையோசைக்கு நடுவே உரத்த சுரங்கள் சில மட்டுமே காதில் விழுந்தன. அறை வெளிச்சத்தையும் மழையையும் போல இசையும் சூழலின் ஒரு கூறாகலாம் என்ற எண்ணம் அவருக்கு அப்போது வந்தது.

'மியூசிக் ஃபோர் எயார்போர்ட்ஸ்' அந்த எண்ணத்தின் கனி. அதில் ஒரு பகுதி, மனிதக் குரல்களால் மட்டும் ஆனது. ஒரே சுரம் பாடிய குரலைப் பதிந்து, ஒலிநாடாவை வளையமாக ஒட்டி, திரும்பத் திரும்ப ஓடவிட்டார். ஒரு வளையம் சுற்றிவர இருபத்துமூன்றரை விநாடி. இன்னொன்றுக்கு ஏறக்குறைய 26. வேறொன்றுக்கு ஏறக்குறைய 30. நீளங்கள் ஒவ்வாததால் சுரங்கள் சந்திக்கும் விதம் மாறிக்கொண்டே போகிறது. இசைப்பவர் விலகிவிட, இசை தானாக நடக்கிறது!

காட்சியிலும் அவர் இதையே செய்தார். நியூயோர்க்கில் தமது ஜன்னலில் வீடியோ கமெராவைப் பக்கவாட்டில் கிடத்தி, வானத்தையும் கட்டடங்களையும் பதிந்தார். தொலைக்காட்சிப் பெட்டியைச் சரித்துவைத்தே அதைப் பார்க்கவேண்டும். கதையில்லை, முகில் நகரும், ஒளி மங்கும். 2006இல் வந்த '77 மில்லியன் பெயின்ரிங்ஸ்' என்ற கணினி ஆக்கமோ, அவரது ஓவியங்களை ஒன்றன்மேல் ஒன்றாக மெதுவாகக் கலந்து காட்டுவது. 2009இல் அவரது ஓவியங்கள் சிட்னி ஒப்பரா மண்டபக் கூரைகளில் ஒளிர்ந்தன.

சுவர்க் கடதாசி போன்ற இசை என்று இதனைக் குறைகூறுவோர் உளர். விமான நிலையத்தில் காத்திருப்பவன் மனதில் சாவு பற்றிய நினைப்பும் இருக்கும். வழக்கமான குதூகல இசை அதை மூடி மறைக்கிறது, தமது இசை மறைக்கக்கூடாது என்பது ஈனோவின் விளக்கம். வெறும் அலங்காரம் இப்படிச் சிந்திக்குமா? 2013இல் இங்கிலாந்தின் ஹோவ் நகர மருத்துவமனை ஒன்றில், நோயாளரும் உறவினரும் ஊழியரும் அமர்ந்திருக்க, அவரது ஒலியும் ஒளியும் கொண்ட அமைதி அறை திறக்கப்பட்டது. அங்கு கைதட்ட எவருமில்லை.