புல்வெளியின் வெண்ரோஜாவும் நம் வாய்க்கால் நீரும்

திருப்பனந்தாள் வட்டாரத்தில் நிக்காஹ் மஜ்லிஸுக்கு வருவோரைப் பன்னீர் தெளித்து வரவேற்கிறோம். ரோஜா என்றதும் நம் நினைவுக்கு வருவன பன்னீரும் குல்கந்துமே. மனிதர் எவரும் நடாமலும் நீரூற்றாமலும் பூக்கும் ரோஜா ஒன்று தமிழகத்திலேயே உண்டு என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்?

நீலகிரி, பழனி மலைகளின் உயர்ந்த பகுதிகளில், சோலைக்காடும் புல்வெளியும் சந்திக்கும் ஓரங்களில் படரும் முட்செடி அது. ஐந்தே இதழ்கள், தூய வெண்மை, நடுவே மஞ்சள் நிற மகரந்தத் தாள்கள். தென்னிந்திய மலைகளுக்கே உரியது. 1816ஆம் ஆண்டு புதுச்சேரிக்கு வந்து இந்நாட்டுத் தாவரங்களைத் திரட்டிய பிரெஞ்சு அறிஞர் லெஷனோவின் பெயரையே தாவர நூலார் அதற்குச் சூட்டியுள்ளனர்.

அதன் இருப்பிடமோ சுருங்கிவிட்டது. 'வெறும் புல்தானே' என்றெண்ணி, ஆங்கிலேயர் காலந்தொட்டு அப்புல்வெளிகளில் தேயிலையும் தைலமரமும், சீகை என மலைமக்கள் கூறும் ஆஸ்திரேலிய மரமும் நடப்பட்டன. விறகும், தோல் பதனிடும் பட்டையும் கிடைத்தன. ஆனால், சீகை தானாகவே பரவிப் புல்லை மூடிற்று.

அந்தப் புல் வீணானதன்று. மழைநீரை வேரிலும் பள்ளத்துச் சதுப்பிலும் தேக்கி, சிறுகச் சிறுக ஓடைகளில் விடுவது அதுவே. நீலகிரி ஓடைகள் பல மோயாற்றிலும் பவானியிலும் கலக்கின்றன. மோயாறு பவானிசாகரில் பவானியோடு சேர்கிறது. பவானி, கூடுதுறையில் காவிரியை அடைகிறது. மேட்டூர் திறப்பை எதிர்நோக்கியிருக்கும் நாம், மேட்டூருக்குக் கீழே வந்து சேரும் இந்நீரை நினைப்பதில்லை.

மரம் நடுவது தர்மம் என்று மிம்பரில் நின்று போதிக்கிறோம். அதில் ஐயமில்லை. ஆயினும், புல்லுக்குரிய இடத்தில் மரத்தை நடுவது, ஒருவன் உரிமையைப் பறித்து மற்றொருவனுக்குத் தானம் செய்வதற்கு ஒப்பாகும். நற்செயலுக்கும் இடமறிதல் வேண்டும். வயலில் எது பயிர், எது களை என்பதைக் காவிரிக் கரை உழவருக்கு எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. மலைப் புல்வெளியில் புல்லே பயிர். வந்து புகுந்த மரமே களை.

கோடை விடுமுறையில் பிள்ளைகளோடு உதகைக்கோ கொடைக்கானலுக்கோ செல்வோர் அந்த வெண்மலரைக் கண்டால் பறிக்க வேண்டாம். பதியனுக்காகக் கொம்பை ஒடிக்கவும் வேண்டாம். புல்வெளியைக் காட்டி, "நம் சம்பாப் பயிருக்கு நீர் புறப்படும் இடங்களுள் இதுவும் ஒன்று" என்று கூறுங்கள். அது நம் கையில் உள்ள அமானிதம். பெற்றபடியே பிள்ளைகளிடம் ஒப்படைப்பது நம் கடமை.