கழுத்தட்டைக்குச் சில நூறு, காத்திருப்புக்குப் பல ஆயிரம்

“மொத்தம் எவ்வளவு ஆகும், அதை மட்டும் சொல்லுங்க தம்பி. மத்ததை அவ பார்த்துக்குவா.”

பீடோங்கில் எங்கள் தாமானில் நாலு வீடு தள்ளியிருக்கும் அக்கா கேட்டது இது. முப்பது வருடம் பால்மரம் வெட்டியவர். மகள் எஸ்பிஎம் முடித்து, சுங்கை பட்டாணியில் ஒரு துணிக்கடையில் இரண்டு வருடம் நின்றுவிட்டு, இப்போது வீடு விற்கும் ஏஜண்டாகப் போகிறேன் என்கிறாள். ஊழியர் சேமநிதியில் எடுத்த பணம் கொஞ்சம் அக்கா கையில் மிச்சமிருக்கிறது. அதில் எவ்வளவு ஒதுக்குவது என்பதுதான் கணக்கு.

“ரெண்டு நாள் கோர்ஸ்தான் அக்கா, சில நூறு வெள்ளியோட முடிஞ்சிடும்” என்று சொல்லிவிட்டேன். சொன்னது பாதி உண்மை. மீதிப் பாதியை விசாரித்துத் தெரிந்துகொள்ள எனக்கு மூன்று வாரம் பிடித்தது.

முதலில் சட்டம். மலேசியாவில் அடுத்தவர் வீட்டையோ நிலத்தையோ விற்றுக் கொடுத்துக் கூலி வாங்க, நினைத்தவர் நினைத்தபடி இறங்கிவிட முடியாது. 1981ஆம் ஆண்டின் 242ஆவது சட்டம் அதற்கு வேலி போட்டிருக்கிறது. நிதியமைச்சின் கீழுள்ள ஒரு வாரியம் மதிப்பீட்டாளர்களையும் சொத்து முகவர்களையும், 2018 முதல் சொத்து நிர்வாகிகளையும் பதிவு செய்து கண்காணிக்கிறது. மலாய்ச் சுருக்கத்தில் எல்பிபிஇஎச். பதிவில்லாமல் தரகு பார்த்துப் பிடிபட்டால் 3 லட்சம் வெள்ளி வரை அபராதம், மூன்றாண்டு வரை சிறை, அல்லது இரண்டும். இவ்வளவு பெரிய தண்டனை இருந்தும் கோப்பிக் கடைக்குக் கடை ஒரு தரகர் உட்கார்ந்திருப்பது எப்படி என்று கேட்டால், புகார் கொடுப்பவர் குறைவு என்பதைத் தவிர எனக்கு வேறு பதில் தோன்றவில்லை.

ஊரில் நாம் பொதுவாக ‘ஏஜண்ட்’ என்று கூப்பிடுகிறோமே, அதில் இரண்டு படி உண்டு. மேல்படியில் இருப்பவர் பதிவு பெற்ற சொத்து முகவர், ஆர்இஏ. சொந்தமாக நிறுவனம் நடத்தும் உரிமை அவருக்குத்தான். கீழ்ப்படியில் இருப்பவர் நெகோஷியேட்டர். ஆர்இஎன் என்ற எழுத்துகளைச் சேர்த்து ‘ரென்’ என்கிறார்கள். வீட்டைத் திறந்து காட்டுகிறவர், வாட்சாப்பில் படம் அனுப்புகிறவர், விலை பேசி முடிக்கிறவர் எல்லாம் பெரும்பாலும் ரென்தான். எஸ்பிஎம் தகுதி, இரண்டு நாள் சான்றிதழ் பயிற்சி, சேர்த்துக்கொள்ள ஒரு நிறுவனம். இவை இருந்தால் வாரியம் எண் போட்ட கழுத்தட்டை கொடுக்கும். ஒரே நேரத்தில் ஒரு நிறுவனத்தில் மட்டும்தான் இருக்கலாம். அட்டையை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும், இடையில் தொடர் பயிற்சிக்கும் போய்வர வேண்டும். பயிற்சிக் கட்டணம், பதிவு, அட்டை எல்லாம் கூட்டினாலும் ஒரு நல்ல கைத்தொலைபேசியின் விலையைத் தொடாது. நான் அக்காவிடம் சொன்ன ‘சில நூறு’ இதுதான்.

சொல்லாமல் விட்டது சம்பளம். ரென்னுக்கு மாதச் சம்பளம் கிடையாது. துணிக்கடையில் மாதக் கடைசியில் கைக்கு வந்த பணம், அதோடு சேமநிதி, சொக்சோ, மருத்துவ விடுப்பு எல்லாம் அட்டை கழுத்தில் விழுந்த அன்றே நின்றுவிடும். விற்றால் பங்கு, விற்காவிட்டால் ஒன்றுமில்லை.

அந்தப் பங்கு எவ்வளவு? விற்பனைக்கு அதிகபட்சத் தரகு விலையில் 3 விழுக்காடு என்று விதி இருக்கிறது. சுங்கை பட்டாணியில் ஒரு தரைவீடு 3 லட்சம் வெள்ளிக்குப் போகிறது என்று வையுங்கள். தரகு 9,000. கேட்க இனிப்பாக இருக்கிறது. ஆனால் அது நிறுவனத்தின் கணக்குக்குப் போகும் பணம், ரென்னின் பைக்கு வருவதல்ல. விற்பவர் பக்கம் ஓர் ஏஜண்ட், வாங்குபவர் பக்கம் இன்னொரு ஏஜண்ட் என்றால் ஆளுக்குப் பாதி, 4,500. அதில் நிறுவனம் 30 விழுக்காடு பிடித்துக்கொள்வதாக வைத்தால் (பிடித்தம் நிறுவனத்துக்கு நிறுவனம் மாறும்) கைக்கு வருவது 3,150 வெள்ளி. இன்றைய குறைந்தபட்சச் சம்பளம் 1,700. அதாவது ஒரு வீடு விற்ற பணம் குறைந்தபட்சச் சம்பளத்தின் இரண்டு மாதத்துக்குக்கூட வரவில்லை. அந்த ஒரு வீட்டை விற்க நான்கு மாதம் ஆகியிருந்தால் மாதத்துக்கு எண்ணூறு வெள்ளிகூட இல்லை.

நான்கு மாதம் என்பது மிகையான கணக்கும் இல்லை. புதிதாக வந்தவருக்கு வீட்டைக் கொடுக்க உரிமையாளர்கள் யோசிப்பார்கள். கொடுத்த வீட்டைப் பத்துப் பேர் பார்ப்பார்கள். பதினோராவது ஆள் பிடித்துப்போய் முன்பணம் கட்டிய பிறகுதான் பெரிய சுவர் எதிரே நிற்கும், வங்கி. மோட்டார் சைக்கிள் தவணை மூன்று மாதம் விட்டுப்போனது, எப்போதோ கட்டாத தொலைபேசிப் பில், இவையெல்லாம் சிசிஆர்ஐஎஸ், சிடிஓஎஸ் என்ற கடன் வரலாற்று அறிக்கைகளில் கிளம்பி வரும். கடன் கிடையாது என்று வங்கி சொன்னால் விற்பனை அங்கேயே முறிந்துவிடும். இரண்டு மாதம் காரில் அலைந்த பெட்ரோலுக்குக்கூட யாரிடமும் கேட்க முடியாது.

பெட்ரோல் என்றதும் கெடாவின் நீளம் நினைவுக்கு வருகிறது. காலையில் கூலிமில் ஒரு வீடு, மத்தியானம் பாடாங் செராயில் ஒரு கடை, சாயங்காலம் கோலக் கெட்டிலில் நிலம் பார்க்க ஒருவர். மாதம் 1,500 கிலோமீட்டர் சாதாரணமாக ஓடும். லிட்டருக்கு 12 கிலோமீட்டர் ஓடும் கார் என்றால் 125 லிட்டர். குடிமக்களுக்கான மானிய விலை 1.99 வெள்ளி, ஆக ஏறக்குறைய 250. டோலும் கார் நிறுத்தும் காசும் சேர்த்து 350 போட்டேன். தொலைபேசிக்கும் விளம்பரத்துக்கும் 250. பெரிய வீட்டு விற்பனைத் தளங்களில் ஆண்டுச் சந்தா கட்டினால் ஆயிரக்கணக்கில் போகும், தொடக்கத்தில் அது வேண்டாம் என்று விட்டுவிட்டேன். பழைய கார் ஒன்றின் தவணை 500. சாப்பாடு, சில்லறைச் செலவு 400. மாதம் 1,500, ஆறு மாதத்துக்கு 9,000. இதை எழுதி முடித்தபோதுதான் கவனித்தேன், நான் மேலே போட்ட உதாரண வீட்டின் முழுத் தரகும் அதே 9,000. ஆனால் அந்தப் பெண் கைக்கு 3,150தான் வருமென்றால், போட்ட பணம் திரும்ப மூன்று வீடு விற்றாக வேண்டும்.

இந்தத் தொழிலில் எனக்குப் பெரிய குறையாகப் படுவது இதுதான். பயிற்சி, பதிவு, அட்டை எல்லாம் நாடு முழுக்க ஒரே விதி. வருமானம் மட்டும் மண்ணின் விலையைப் பிடித்துக்கொண்டு போகிறது. கோலாலம்பூரில் 9 லட்சம் வெள்ளி கொண்டோ ஒன்றை விற்றால் தரகு 27,000. இங்கே தோட்டத்தை விட்டு வந்த குடும்பங்கள் வாங்கியவை பெரும்பாலும் மலிவு விலை வீடுகள். அதிகபட்சம் 42,000 வெள்ளி என்று 1998இல் அரசு விலை குறித்த வகை அது. இன்று அப்படி ஒரு வீடு கைமாறி 80,000க்குப் போனாலும் தரகு 2,400. அதைப் பாதியாக்கி, மறுபடி 30 விழுக்காடு பிடித்தால் 840 வெள்ளி மிஞ்சும். ஆனால் அதிலும் வங்கி, வழக்கறிஞர், நில அலுவலகம் என்று அலைச்சல் அதே அலைச்சல்.

வாடகைப் பக்கம் கொஞ்சம் வேகம் உண்டு. மூன்றாண்டு வரையிலான வாடகை ஒப்பந்தத்துக்கு ஒன்றேகால் மாத வாடகை தரகாக வாங்கலாம். கூலிம் உயர் தொழில்நுட்பப் பூங்கா 1996இல் திறந்தது. 2024 ஆகஸ்ட்டில் இன்ஃபினியன் அங்கே தன் புதிய ஆலையைத் திறந்தது. அந்தப் பக்கம் பொறியாளர்கள் வீடு தேடிக்கொண்டே இருப்பார்கள். 1,200 வெள்ளி வாடகை வீட்டுக்குத் தரகு 1,500, இரண்டு பிடித்தமும் போனால் 525. சிறிய தொகைதான், ஆனால் வங்கிக் கடனுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை. பெரிய மீன் மாட்டும்வரை அரிசி வாங்க உதவும்.

பணத்தில் எழுத முடியாத செலவும் ஒன்று உண்டு, கெடா மண்ணைப் படிக்கக் கற்றுக்கொள்வது. இங்கே பழைய ஆட்கள் நிலத்தை ஏக்கரில் சொல்ல மாட்டார்கள், ரெலோங் என்பார்கள். ஒரு ரெலோங் 0.711 ஏக்கர்தான். “அஞ்சு ரெலோங் இருக்கு” என்று உரிமையாளர் சொன்னதை அஞ்சு ஏக்கர் என்று விளம்பரம் போட்டால் ஏறக்குறைய ஒன்றரை ஏக்கர் காற்றில் இருக்கும். கிராண்டை, அதாவது நில உரிமைப் பத்திரத்தை, கையில் வாங்கியதும் விலையைவிட முதலில் பார்க்க வேண்டிய வரிகள் இரண்டு. பயன்பாட்டு வகை ‘பெர்த்தானியான்’ என்றால் அது விவசாய நிலம், அதை மாற்றாமல் தாமான் கனவு காண முடியாது. ‘ரிசாப் மெலாயு’ என்று இருந்தால் யாருக்கு விற்கலாம் என்பதே மாறிவிடும். கெடாவின் மலாய் ஒதுக்கீட்டு நிலச் சட்டம் 1931 காலத்தது. இம்மாநிலத்தில் சயாமிய விவசாயிகளுக்கும் அதில் இடமுண்டு. பினாங்கிலிருந்தோ ஈப்போவிலிருந்தோ வரும் ஏஜண்டுக்கு இது தெரிந்திருக்க வேண்டுமென்று இல்லை. பீடோங்கில் வளர்ந்த பெண்ணுக்குத் தெரியாவிட்டால் குற்றம்.

40 ஹெக்டருக்குக் குறையாத தோட்ட நிலம் என்றால் கதை வேறு. தேசிய நிலச் சட்டத்தின் 214ஏ பிரிவின்படி தோட்ட நில வாரியத்தின் அனுமதி இல்லாமல் அதை மாற்றிக் கொடுக்க முடியாது. அந்தப் பிரிவு ஏன் வந்தது என்பதில் நம்மவர் கதையும் இருக்கிறது. 1950களில் வெள்ளைக்காரத் தோட்டங்கள் அடுத்தடுத்து விலைக்கு வந்தன. கூட்டுச் சேர்ந்தவர்கள் மொத்தமாக வாங்கித் துண்டுதுண்டாக விற்றார்கள். பொருளாதார அறிஞர் உங்கு அசிஸ் இந்தத் துண்டாடலைப் பற்றித் தனியாக ஆய்வே எழுதினார். விற்றவர், வாங்கியவர், இடையில் நின்ற தரகர் என்று எல்லோர் கையிலும் கொஞ்சம் ஒட்டியது. லயத்தில் இருந்தவர்களுக்கு, மூட்டையைக் கட்டச் சொன்ன அன்றுதான் பல இடங்களில் விஷயமே தெரிந்தது. துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தொழிலாளிகளிடம் மாதம் பத்துப் பத்து வெள்ளியாகப் பங்குப் பணம் சேர்த்தது அந்த நெருக்கடியில்தான். சங்கம் முதலில் வாங்கிய தோட்டம் நம் கெடாவின் புக்கிட் சிடிம், 1961இல். அந்தத் தலைமுறைக்குத் தரகர் என்றால் நல்ல நினைவு இல்லை. மகள் ஏஜண்டாகப் போகிறாள் என்று சொன்னபோது அக்காவின் மாமியார் முகம் சுளித்ததற்கு எனக்கு வேறு விளக்கம் தேவைப்படவில்லை.

இன்றும் சுளிக்கக் காரணம் இல்லாமலில்லை. என் சொந்தக்காரர் ஒருவர் அட்டை இல்லாத ஆளிடம் ‘புக்கிங்’ என்று 2,000 வெள்ளி கொடுத்தார். பணம் போனது அந்த ஆளின் சொந்தக் கணக்குக்கு. வீடு வேறொருவருக்குப் போய்விட்டது, தொலைபேசியும் அணைந்துவிட்டது. சட்டப்படி நடக்கும் நிறுவனத்தில் 2 அல்லது 3 விழுக்காடு முன்பணம் நிறுவனத்தின் வாடிக்கையாளர் கணக்கில் விழ வேண்டும், ரென்னின் பையில் அல்ல. அட்டையிலுள்ள எண்ணை வாரியத்தின் இணையத்தளத்தில் தட்டினால் ஆள் யார், எந்த நிறுவனம் என்று வந்துவிடும். அரை நிமிட வேலை. அந்த அரை நிமிடத்தை ஒதுக்காததால்தான் என் சொந்தக்காரர் இன்னும் அந்த 2,000 வெள்ளியைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்கிறார்.

மேல்படிக்கு ஏறுவது தனி மலை. ஆர்இஏ ஆக அங்கீகரிக்கப்பட்ட டிப்ளோமா படிக்க வேண்டும், அல்லது வாரியத்தின் பன்னிரண்டு பாடத் தேர்வுகளை எழுதித் தேற வேண்டும். பிறகு ஒரு பதிவு பெற்ற முகவரின் கீழ் இரண்டாண்டு பயிற்சி. அதன்பின் தொழில்திறன் தேர்வு, நேர்முகம். அப்புறம் நிறுவனம் தொடங்க அலுவலகம், வாடிக்கையாளர் கணக்கு, தொழில்பொறுப்புக் காப்புறுதி. படிப்புக்கும் இதற்கும் சேர்த்துச் செலவு பல ஆயிரங்களில் போகும், காலமும் நான்கைந்து வருடம் ஓடிவிடும். இதைப் பற்றி அக்கா கேட்கவில்லை, நானும் நீட்டவில்லை.

ஒன்றை மட்டும் மகளிடம் தனியாகச் சொன்னேன். முதல் நாளிலிருந்து வரவு செலவை எழுதி வை, பெட்ரோல் ரசீதைக்கூட எறியாதே. ஆண்டு முடிந்தால் ஜூன் 30க்குள் ‘பி’ பாரத்தில் வருமான வரிக் கணக்கு கொடுத்துவிடு. சேமநிதியில் ‘ஐ-சாரான்’ வழியாகச் சொந்தமாகக் கொஞ்சம் கட்டு. இதெல்லாம் நல்ல பிள்ளைக்கு அறிவுரை போலத் தோன்றும், உண்மையில் வங்கிக்காகத்தான் சொன்னேன். சம்பளச் சீட்டு இல்லாதவர் நாளைக்கு வீட்டுக் கடன் கேட்டுப் போனால் வங்கி கேட்பது இந்தத் தாள்களைத்தான். ஊருக்கெல்லாம் வீடு வாங்கிக் கொடுக்கும் ஏஜண்ட், தனக்கு வாங்கப் போய்த் திரும்பி வந்த கதை சுங்கை பட்டாணியில் எத்தனையோ உண்டு.

ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டு மேசையில் தாளை விரித்து 1,500 பெருக்கல் 6 என்று காட்டினேன். பயிற்சிக் கட்டணத்தை அதற்குக் கீழே சின்னதாக எழுதினேன். அக்கா பெரிய எண்ணை விட்டுவிட்டுச் சின்ன எண்ணையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“இதுதான் படிப்பா?”

“ஆமாக்கா.”

“மேல இருக்கிறது?”

“அது அவ சாப்பாடு, பெட்ரோல், காரு. விக்கிறவரைக்கும்.”

கொஞ்ச நேரம் பேச்சில்லை. பிறகு சமையலறைப் பக்கம் திரும்பி மகளைக் கூப்பிட்டார். “ஏய், ஆறு மாசத்துக்குத்தான் காசு. மூணாவது வீடு வித்ததும் எனக்குத் திருப்பித் தர்றேன்னு இந்தத் தாளுலயே எழுதிக் கையெழுத்து போடு. தம்பி, நீங்க சாட்சி.”