குண்டு வைத்தவர்கள் யாருடைய வீட்டை இடித்தார்கள்?

1954 நவம்பர் 1. புதுச்சேரி நிர்வாகத்தை பிரான்ஸ் இந்தியாவிடம் ஒப்படைத்த அதே நாளில்தான் அல்ஜீரியாவில் பிரான்சுக்கு எதிரான போர் வெடித்தது. பிரான்சுக்கு அங்கிருந்து கிளம்புவது அவ்வளவு சுலபமாக இல்லை. தலைமுறைகளாகக் குடியேறி வாழ்ந்த சுமார் 10 லட்சம் ஐரோப்பியர்கள் அதைச் சொந்த ஊராகவே நினைத்தார்கள். அல்ஜீரிய விடுதலைக்காகப் போரிட்ட தேசிய விடுதலை முன்னணியுடன் பேசப் பிரெஞ்சு அதிபர் டி கோல் துணிந்ததும், அதை எதிர்த்து 1961 தொடக்கத்தில் ஓஏஎஸ் என்ற ரகசிய ஆயுதப்படை முளைத்தது. பேச்சுவார்த்தைக்குத் தேர்வான எவியான் ஊரின் மேயர் மார்ச் 31 அன்று குண்டுவெடிப்பில் இறந்தார். ஏப்ரலில் நான்கு பிரெஞ்சுத் தளபதிகள் டி கோலுக்கு எதிராக அல்ஜியர்ஸைக் கைப்பற்றிச் சில நாட்களிலேயே தோற்றார்கள். மே 20 அன்று அதே எவியானில் பேச்சு தொடங்கியது.

ஜூனில் பேச்சு முறிந்ததற்குக் குண்டுகளைவிட சஹாராவே பெரிய காரணம். அங்கே எண்ணெய் இருந்தது. 1962 மார்ச் 18 அன்று ஒப்பந்தம் கையெழுத்தானது. ஐரோப்பியர்கள் மூன்று ஆண்டுகள் இருந்து பார்த்துக் குடியுரிமையை முடிவு செய்யலாம், சொத்துக்கும் மொழிக்கும் பாதுகாப்பு உண்டு என்றது அது. கையெழுத்துக்கு மூன்று நாள் முன்பு, அல்ஜியர்ஸின் எல் பியாரில் நடந்த கல்வி அதிகாரிகள் கூட்டத்தில் ஓஏஎஸ் ஆட்கள் புகுந்தார்கள். பெயர் சொல்லி அழைத்து, வெளியே நிறுத்தி, ஆறு பேரைச் சுட்டார்கள். மூவர் பிரெஞ்சுக்காரர், மூவர் அல்ஜீரியர். எழுத்தாளர் முலூத் ஃபெரவுன் அவர்களில் ஒருவர். இரு சமூகமும் சேர்ந்து வாழ முடியும் என்பதற்குச் சாட்சியாக இருந்தவர்களையே தேடிப்பிடித்துக் கொன்றதுதான் இந்த வன்முறையின் உண்மையான விளைவைக் காட்டுகிறது. பேச்சை அதனால் நிறுத்த முடியவில்லை. பேச்சில் கிடைத்த பாதுகாப்பைத்தான் வெற்றுக் காகிதமாக்கியது. ஜூனில் அல்ஜியர்ஸ் பல்கலைக்கழக நூலகத்தையும் ஓஏஎஸ் எரித்தது.

விடுதலை முன்னணி மட்டும் யோக்கியமா என்று கேட்கலாம். இல்லைதான். 1961இல் பிரான்ஸ் தானாகத் தாக்குதலை நிறுத்தியபோதும் அது நிறுத்தவில்லை, பொதுமக்களையும் கொன்றது. 1962 ஜூலை 5 அன்று ஓரான் நகரில் ஐரோப்பியர்கள் வேட்டையாடப்பட்டார்கள். எப்படியும் பலர் வெளியேறியிருப்பார்கள் என்பதையும் மறுக்க முடியாது. ஆனால் ஓரானுக்கு முன்பே, மே, ஜூன் மாதங்களிலேயே, துறைமுகங்கள் நிரம்பி வழிந்தன. கடைசியில் ஜூன் 17 அன்று அல்ஜியர்ஸில் ஓஏஎஸ்ஸே விடுதலை முன்னணியோடு உடன்பாடு செய்துகொண்டது. அதற்குள் கப்பலேறியவர்களில் பலர் திரும்பவில்லை. அந்த ஆண்டு முடிவதற்குள் ஐரோப்பியர்களில் பெரும்பாலோர் அல்ஜீரியாவை விட்டுப் போய்விட்டார்கள்.