காலற்ற மண்வாழி: இக்தியோபிஸ் பற்றி ஒரு நோக்கு

ஈரூடக வாழிகள் என்றதும் நம் நினைவுக்கு முதலில் வருவன தவளையும் தேரையுமே. மன்னாரின் தென்கரையிலுள்ள முள்ளிக்குளம் போன்ற ஊர்களில், மாரி தொடங்கிக் குளம் நிரம்பும்போது அவற்றின் குரலைக் கேளாதார் இலர். ஆனால், அதே வகுப்பைச் சேர்ந்த, காலே இல்லாத பிறிதொரு கூட்டமும் இந்நாட்டில் உண்டு. சிசிலியன்கள் எனப்படும் அவை ஈரவலயத்தின் மண்ணுள் மறைந்து வாழ்கின்றன. இலங்கையில் அறியப்பட்ட மூன்று இனங்களும் இக்தியோபிஸ் என்னும் சாதியைச் சேர்ந்தவை; மூன்றும் இத்தீவுக்கே உரியவை.

இவற்றுள் நன்கு அறியப்பட்டது இக்தியோபிஸ் குளுற்றினோசஸ். ஏறத்தாழ 40 சென்ரிமீற்றர் வரை வளரும் இவ்வுயிரி கருநீல நிறமும், பக்கங்களில் மஞ்சள் நிறப் பட்டியும் உடையது. உடலெங்கும் வளையங்கள் இருப்பதால் மண்புழுவெனவும், நீண்டிருப்பதால் பாம்பெனவும் இதனைக் கருதுவோர் பலர். இரண்டும் தவறே. முள்ளந்தண்டும் தாடையும் பற்களும் உண்டாதலின் இது புழுவன்று. தோல் வழுவழுப்பாக, சீதம் சுரப்பதாக இருப்பதால் பாம்புமன்று. கண்கள் தோலால் மூடப்பட்டுள்ளன. கண்ணுக்கும் மூக்குத்துவாரத்துக்கும் இடையே நீளும் சிறிய பரிசக்கொம்பு ஒன்றே, இருளில் மண்புழுவையும் கறையானையும் மோப்பத்தால் அறிய உதவுகின்றது. பிற முள்ளந்தண்டுளி எதற்கும் இத்தகைய உறுப்பு இல்லை.

தோற்றங்கண்டு மயங்கியோர் பாமரர் மட்டுமல்லர். 1758இல் இதற்குப் பெயரிட்ட லின்னேயசும் இதனைப் பாம்புகளோடேயே சேர்த்தார். 1831இல் யொகான்னெஸ் முல்லர் என்னும் ஜேர்மானிய அறிஞர், இளம் உயிரியொன்றின் கழுத்தில் பூத்துளை இருப்பதைக் கண்டமை இவ்வுயிரி ஈரூடக வாழியே என்பதற்கு வலுவான சான்றாயிற்று. பின்னர், 1883ஆம் ஆண்டு முதல் இலங்கையில் தங்கி ஆராய்ந்த சுவிற்சர்லாந்தின் போல் சரசின், பிறிற்ஸ் சரசின் ஆகியோர் இதன் வாழ்க்கை வரலாற்றை விரிவாக வெளியிட்டனர். 1979இல் பிறெக்கின்றிட்ஜும் ஜயசிங்கவும் இதன் முட்டை, குடம்பி பற்றிய அவதானிப்புகளை வெளியிட்டு அவ்வாய்வைத் தொடர்ந்தனர்.

அவ்வரலாறு வியப்புக்குரியது. தாய் நீரோடைக்கு அண்மையில் ஈரமண்ணில் வளை அமைத்து, சரம்போல் இணைந்த முட்டைகளை இடுகின்றது. அவற்றைத் தன் உடலாற் சுற்றிக் காக்கின்றது. முட்டைக்குள் இருக்கும் முளையத்துக்கு இறகு போன்ற மூன்று சோடிப் புறப்பூக்கள் உண்டு. அவை பொரிக்குங் காலத்தில் மறைகின்றன. வெளிவரும் குடம்பி ஓடையை அடைந்து, வாற்செட்டையின் உதவியால் நீந்தி, பல மாதங்கள் நீரில் வாழ்கின்றது. உருமாற்றத்தின் பின் மண்ணுள் புகுகின்றது. எனவே மண், நீர் ஆகிய இரண்டும் நலமாக இருந்தாலன்றி இதன் வாழ்க்கை வட்டம் நிறைவுறாது.

இங்கு முள்ளிக்குளக் கரையை மீண்டும் நோக்குவோம். இந்நிலம் மாரி மழையை நம்பியிருப்பது. நெடுங்கோடையில் மேல்மண் காய்ந்து இறுகும். உலர்வலயத் தவளைகள் சில மண்ணுட் புதைந்து மழைக்குக் காத்திருக்க வல்லவை. இடையறாத ஈரத்தையும் ஓடைக்கரையையும் நாடும் இக்தியோபிசுக்கோ இந்நிலம் ஒரு வேலியாகும். ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், கடல்மட்டம் இன்றையதிலும் 120 மீற்றர் வரை தாழ்ந்திருந்தபோது, மன்னாரிலிருந்து இராமேசுவரத்துக்குக் கால்நனையாது நடந்து செல்லத்தக்க தரைத்தொடர்பு இருந்தது. ஆயினும் மேற்குத் தொடர்ச்சி மலையின் சிசிலியன்களும் இலங்கையின் சிசிலியன்களும் தனித்தனிக் கிளைகளாகவே கூர்ப்படைந்துள்ளன. 2004இல் பொசுயிற்றும் பிறரும் வெளியிட்ட மூலக்கூற்று ஆய்வு, சிசிலியன்கள் உட்படப் பல உயிரினங்களில் இவ்வுண்மையை உறுதிப்படுத்தியது. தரை இணைந்திருந்தும் ஈரக்காடு இணையவில்லை எனின், உயிரினப் பரம்பலைத் தீர்மானிப்பது கடல் மட்டுமன்று என்பது புலனாகும்.

இவ்வாறு நெடுங்காலம் தனித்து உருவான உயிரினங்களுக்கு வேறு புகலிடம் இல்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டில் கோப்பிக்கும், 1867 முதல் தேயிலைக்குமாக மலைநாட்டுக் காடுகள் பெருமளவில் அழிக்கப்பட்டன. இலாபம் அந்நியத் தோட்ட முதலாளிகளுக்குச் சென்றது. உழைப்பு தென்னிந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்ட தமிழ்த் தொழிலாளருடையது. இன்றும் கான் வெட்டும்போது இவ்வுயிரியை நேரிற் காண்பவர் அவர்களே. அது நச்சுப் பாம்பென்னும் அச்சத்தால் மண்வெட்டியின் கீழ் மடிவதுமுண்டு. அவ்வச்சத்துக்கு அவர்களைக் குறைகூறுதல் பொருந்தாது. இரண்டு நூற்றாண்டுகளாகச் சேர்ந்த அறிவை அவர்களது மொழியில் அவர்களிடம் சேர்ப்பிக்காத கல்வியுலகமே அதற்குப் பொறுப்பு.

குளுற்றினோசஸ் வயலோரங்களிலும் தோட்டநிலங்களிலும் வாழ வல்லதென்பது ஆறுதலான செய்தி. ஆயினும் அங்கும் ஓடைக்கரை நிழலும், நஞ்சு கலவாத நீரும் அதற்கு வேண்டும். மென்றோலினூடாக நீரையும் வாயுவையும் ஏற்கும் உயிரி, அவற்றோடு வரும் நஞ்சையும் ஏற்கவே செய்யும். அதே ஓடைநீரை லயங்களில் வாழும் மக்களும் எடுத்துப் பயன்படுத்துகின்றனர் என்பதை நாம் மறத்தலாகாது. ஓடைக்கரைகளைக் காத்தல் மண்ணுள் வாழும் ஓர் உயிரிக்கு நாம் காட்டும் இரக்கம் மட்டுமன்று. அம்மண்ணில் உழைப்போரின் உரிமையுமாகும்.