பழைய இசைக் கருவியில் விளையாட்டு

கையடக்க இசைக் கருவி பாட்டுக்கு மட்டுமே உரியதென்று பலர் கருதுவர். உண்மையில் அது செயலியும் நினைவகமும் திரையும் கொண்ட சிறு கணினியே. 2001-இல் வெளிவந்த முதல் ஐபாடிலேயே செங்கல் உடைக்கும் விளையாட்டு ஒன்று மறைந்திருந்தது. 2006-இல் ஆப்பிள் நிறுவனம் ஐந்தாம் தலைமுறைக் கருவிக்கு விளையாட்டுகளை விற்கத் தொடங்கிற்று. அவ்விற்பனை 2011-இல் நின்றது.

இன்று உதவுவது ராக்பாக்ஸ் என்னும் கட்டற்ற மென்பொருள். 2001-இல் ஆர்க்கோஸ் கருவிக்கெனத் தன்னார்வலர் தொடங்கிய இது, பின்னர் ஐபாடுக்கும் பொருந்துமாறு வளர்ந்தது. சதுரங்கம், சுடோகு முதலியன இதனுள் அடங்கும். டூம் விளையாட்டுக்குத் தரவுக் கோப்பு தனியே வேண்டும். லினக்ஸ் கணினியிலிருந்தும் இதனை நிறுவலாமாதலால், கட்டற்ற மென்பொருள் பெரிதும் வழங்கும் கேரளப் பள்ளிகளில், திருப்பூணித்துறை ஆசிரியருக்கும் இம்முறை கடினமன்று. ஆனால் எல்லா மாதிரிக்கும் இது பொருந்தாது. முதலில் மாதிரியைத் தெளிந்து கொள்க.

ஆசிரியர் பதிந்த பாடமும் களப்பணியாளர் சேர்த்த குரற்பதிவும் அக்கருவியிலேயே இருக்கக்கூடும். அவற்றை முன்னதாகவே வேறிடத்தில் படியெடுத்து வைத்தல் இன்றியமையாதது. ஏனெனில் ஐபாடின் வட்டு ஃபேட் 32 முறையில் அமைந்திருத்தல் வேண்டும். மாக் கணினியில் அமைக்கப்பட்டதாயின் அதனை மறுவடிவமைக்க நேரும். அப்பொழுது உள்ளவை யாவும் அழியும்.

மின்கலத்தை நிறைத்த பின்னரே தொடக்க நிரலையும் ராக்பாக்ஸ் கோப்புறையையும் இடுக. பழைய நிரல் அழிவதில்லை. கருவியை இயக்கியவுடன் பூட்டு விசையை இட்டால் அதுவே எழும். சக்கரத்தைக் கொண்டு சதுரங்கக் காயை நகர்த்துவதற்கு மட்டும் சிறிது பொறுமை வேண்டும்.